வழிதேடும் செய்தி: போல் பரனும் பரவல் வலையமைப்பின் தோற்றமும்

பொறியியலின் வரலாற்றை எழுதப் புகுவோர் பெரும்பாலும் பொருள்களின் வரலாற்றையே எழுதிவிடுகின்றனர். நீராவி எந்திரம், தந்திக்கருவி, வானொலிக் குழாய் என்பன கண்ணாற் காணத்தக்கவை. நூதனசாலையில் வைத்துக் காட்டத்தக்கவை. ஆயின், செய்தியொன்று ஓரிடத்திலிருந்து வேறோரிடத்துக்கு எவ்வழியாகச் செல்லவேண்டும் என்பதைத் தீர்மானிக்கும் முறையை எந்த நூதனசாலையில் வைப்பது? தொலைத்தொடர்பின் வரலாற்றில் வழித்தெரிவு என்னும் இப்பிரச்சினை அதற்குரிய கவனத்தைப் பெறாமைக்கு இதுவே முதற்காரணம் எனலாம். இக்குறையை ஓரளவு நிவர்த்திசெய்யும் நோக்குடன், அப்பிரச்சினையைத் தமது வாழ்நாட் பணியின் நடுவே வைத்துக்கொண்ட மின்பொறியியலாளர் ஒருவரின் தொழில் வரலாற்றை ஈண்டு ஆராய முற்படுகின்றோம். அவர் பெயர் போல் பரன்.

பரனைப் பற்றி இரண்டு கருத்துக்கள் வழக்கிலுள்ளன. இணையம் அணுவாயுதப் போருக்குத் தப்பிப் பிழைப்பதற்காக ஆக்கப்பட்டது, அதனை ஆக்கியவர் பரன் என்பது ஒன்று. பரனுடைய திட்டம் காகிதத்தோடு நின்றுவிட்டது, பின்வந்தோர் அதனை அறியாமலே தமது வலையமைப்பை அமைத்தனர் என்பது மற்றையது. முதலாவது செய்தித்தாள்கள் விரும்பும் கதை. இரண்டாவது அதற்கு மறுப்பாக எழுந்த கதை. இரண்டிலும் உண்மையின் கூறு உண்டு. எனினும் எதனை ஏற்பது என்பதை நாட்களையும் ஆவணங்களையும் வைத்தே தீர்மானித்தல் வேண்டும்.

பரன் 1926 ஏப்ரல் 29 ஆம் நாள், அக்காலத்தில் போலந்துக்கு உரியதாயும் இன்று பெலருசுக்கு உரியதாயும் உள்ள குரொட்னோ நகரில் யூதக் குடும்பமொன்றிற் பிறந்தார். 1928 இல் குடும்பம் ஐக்கிய அமெரிக்காவுக்குப் பெயர்ந்து, முதலில் பொஸ்ரனிலும் பின்னர் பிலடெல்பியாவிலும் குடியேறியது. பிலடெல்பியாவில் தந்தையார் பலசரக்குக் கடையொன்றை நடத்தினார். சிறுவனான பரன் சிறுவண்டியில் சாமான்களை வைத்து வாடிக்கையாளர் வீடுகளுக்குக் கொண்டுசென்று கொடுப்பதுண்டு. 1949 இல் அந்நகரத்து டிரெக்சல் தொழினுட்ப நிறுவகத்தில் மின்பொறியியற் பட்டம் பெற்று, எக்கேட்–மொச்லி கணனிக் கம்பனியிற் சேர்ந்தார். யூனிவாக் என்னும் கணனி உருவாகிக்கொண்டிருந்த இடம் அது. ஆயிரக்கணக்கான வெற்றிடக் குழாய்களைக் கொண்ட எந்திரத்தில் ஏதாவதொரு குழாய் எந்நேரமும் பழுதடையலாம் என்ற நிலையில், நம்பத்தகாத உறுப்புக்களைக்கொண்டு நம்பத்தக்க முழுமையை ஆக்குவது எவ்வாறு என்னும் வினா அத்துறையினர் அனைவர்க்கும் பொதுவாயிருந்தது. பரனுடைய பிற்கால ஆய்வுகளின் தலைப்பிலேயே இவ்வினா இடம்பெறக் காண்போம்.

1955 இல் திருமணம் செய்துகொண்டு லொஸ் ஏஞ்சலிஸ் சென்ற அவர், ஹியூஸ் விமானக் கம்பனியில் ராடார்த் தரவுகளைக் கையாளும் முறைமைகளில் பணியாற்றினார். மாலை வேளைகளிற் படித்து 1959 இல் கலிபோர்ணியாப் பல்கலைக்கழகத்தின் லொஸ் ஏஞ்சலிஸ் வளாகத்திற் பொறியியல் முதுமாணிப் பட்டம் பெற்றார். கலாநிதிப் பட்டத்துக்கும் தொடங்கிய அவர் அதனை இடைநடுவிற் கைவிட்டார். வளாகத்திலே வாகனம் நிறுத்த ஓரிடங்கூடக் கிடையாத ஒருநாள், படிப்பை விடுவதே இறைவன் சித்தம் எனக் கண்டதாகப் பிற்காலத்தில் அவர் வேடிக்கையாகச் சொல்வதுண்டு. உண்மையிற் காரணமாயிருந்தது புதிய பணியின் சுமை. அவ்வாண்டிலேயே அவர் சான்ரா மொனிக்காவிலுள்ள றாண்ட் கழகத்திற் சேர்ந்திருந்தார்.

றாண்ட் கழகம் அமெரிக்க வான்படையின் ஆதரவிற் பெரும்பாலும் இயங்கிய ஆய்வு நிறுவனம். அங்கு அக்காலத்தில் எல்லோரையும் ஆட்கொண்டிருந்த சிந்தனை, முதலடியை வாங்கிய பின்னரும் பதிலடி கொடுக்கும் வல்லமை எஞ்சியிருக்குமா என்பதாகும். இவ்வல்லமை இருதரப்பினர்க்கும் உண்டு என இருதரப்பினரும் நம்பும்வரை எவரும் முந்திக்கொண்டு தாக்கத் துணியார். ஆனால் ஏவுகணைகள் எஞ்சியிருந்தும் அவற்றுக்கான கட்டளை சென்றுசேரும் வழி அழிந்துவிடுமாயின் வல்லமை இருந்தும் பயனில்லை. அதனினும் மோசமான நிலையும் உண்டு. தொடர்பு அறுந்துவிடும் என அஞ்சும் தலைவர், தொடர்பு இருக்கும்போதே கட்டளையிடத் தூண்டப்படுவார். எனவே பலவீனமான தொலைபேசி வலையமைப்பு என்பது போரைத் தூண்டவல்ல ஒரு காரணி. பரன் இப்பிரச்சினையை எடுத்துக்கொண்டமைக்கு அடிப்படை இதுவே. அதனைப் போர்வெறியின் விளைவாக நோக்குவது வரலாற்றுக்குப் பொருந்தாது.

அன்றைய அமெரிக்க நெடுந்தூரத் தொலைபேசி வலையமைப்பு ஐந்து படிகளைக் கொண்ட ஏணிபோல் அமைந்திருந்தது. சந்தாதாரரின் தொலைபேசி அடிப்படியிலுள்ள மாற்றகத்தோடு இணைக்கப்பட்டிருக்கும். அங்கிருந்து அழைப்பு படிப்படியாக மேலேறி, உச்சியிலுள்ள ஒருசில பிராந்திய நிலையங்களைத் தொட்டு, மறுபக்கத்தில் இறங்கும். சமாதான காலத்தில் இது சிக்கனமான அமைப்பு என்பதில் ஐயமில்லை. ஆனால் உச்சியிலுள்ள சில நிலையங்கள் அழிந்தால் நாடே துண்டு துண்டாகிவிடும். அந்நிலையங்களைக் குறிவைக்கவேண்டிய தேவைகூட இல்லை. அருகிலுள்ள வேறு இலக்குகளைத் தாக்கும் குண்டே போதுமானது.

பரன் முதலிற் சிந்தித்தது, நாடெங்கும் சிதறிக்கிடந்த சிறிய வானொலி நிலையங்களைத் தொடராகப் பயன்படுத்திக் குறுஞ்செய்தியொன்றை நாடு முழுவதும் கடத்துவதாகும். உயரதிகாரிகள் அதனைக் கேட்டு, சனாதிபதியின் கட்டளைக்கு அது போதும், தமது வேலைக்கு அதைவிடப் பன்மடங்கு தொடர்பு வேண்டும் என்றனர். ஒவ்வொருவரும் தத்தம் தேவையைக் கூறக்கூற, குரலும் தரவும் ஒருங்கே செல்லத்தக்க பெரும் வலையமைப்பொன்றையே ஆக்கவேண்டும் என்ற முடிவுக்கு அவர் வந்தார். மனித மூளை பற்றி ஆராய்ந்த வொரன் மக்கலொக்குடன் அவர் நடத்திய உரையாடல்களும் இங்குக் குறிப்பிடத்தக்கவை. மூளையின் ஒரு பகுதி பழுதுற்றாலும் அதன் தொழிலைச் சில வேளைகளில் ஏனைய பகுதிகள் ஏற்றுக்கொள்கின்றன. ஒரு தொழிலுக்கு ஒரே உறுப்பு என்ற நியதி அங்கு இல்லை என்பது அவர் கருத்தைக் கவர்ந்தது.

1960 ஆம் ஆண்டிலும் 1962 ஆம் ஆண்டிலும் வெளிவந்த அவருடைய ஆய்வுத்தாள்களில், இன்று பாடநூல்களெல்லாம் எடுத்தாளும் மூவகைப் பாகுபாடு உருப்பெற்றது. எல்லாக் கணுக்களும் ஒரே நடுவத்தோடு இணைந்தது மையமுற்ற வலையமைப்பு. சில நடுவங்களைச் சூழ்ந்து சிறு நட்சத்திரங்கள்போல் அமைந்தது பன்மைய வலையமைப்பு, தொலைபேசி இவ்வகையினது. மூன்றாவது, மீன்பிடி வலைபோன்று ஒவ்வொரு கணுவும் தன் அயற்கணுக்களோடு மாத்திரம் இணைந்த பரவல் வலையமைப்பு. அதில் தலைமைக் கணு என்று ஒன்றில்லை.

இப்பாகுபாட்டைச் சொல்லிவிட்டு நின்றிருந்தால் அது வெறும் உவமையாகவே முடிந்திருக்கும். பரன் அதனை எண்களால் அளந்தார் என்பதே முக்கியமானது. கணுக்களைத் தொடர்புறுத்துவதற்கு அவசியமான மிகக் குறைந்த இணைப்புக்களின் எண்ணிக்கையை மிகைமை 1 எனக் கொண்டார். ஒவ்வொரு கணுவும் நான்கு அயலவரோடு இணைந்த சதுர வலையின் மிகைமை 2. அறுவரோடு இணைந்ததன் மிகைமை 3. பின்னர், கணனியின் துணைகொண்டு கணுக்களை எழுமாற்றாக அழித்து, எஞ்சியவற்றுள் எத்தனை வீதம் ஒரே பெருந்தொகுதியாக இணைந்து நிற்கின்றன எனக் கணித்தார். பெறுபேறு வியப்பானது. மிகைமை 3 அல்லது 4 என்ற அளவை எட்டியதும், தாக்குதலுக்குத் தப்பிய கணுக்களுட் பெரும்பாலானவை தமக்குள் தொடர்புடையனவாகவே இருந்தன. அதற்குமேல் இணைப்புக்களைக் கூட்டுவதாற் பெரிய இலாபமில்லை. கணுக்களை நிலத்தடியிற் புதைத்தும் சீமெந்தால் மூடியும் காப்பதைவிட, மலிவான கணுக்களைப் பெருக்கி அவற்றை ஓரளவு நெருக்கமாக இணைப்பதே மேல் என்பது இதன் பொருள். வேலி ஒன்றை இரும்பால் ஆக்குவதற்கும், பல கம்புகளை நெருங்க நட்டுக் கட்டுவதற்கும் உள்ள வேறுபாட்டை வாசகர் நினைவுகூரலாம்.

இனி, இம்முடிவிலிருந்து ஒன்றன்பின் ஒன்றாக ஏனைய முடிவுகள் பிறந்த விதத்தை நோக்குவோம். பரனுடைய பொறியியலறிவின் ஆழம் இங்குதான் புலப்படுகின்றது. மீன்வலை போன்ற அமைப்பில் நாட்டின் ஒரு கரையிலிருந்து மறுகரைக்குச் செல்லும் செய்தி மிகப் பல கணுக்களைத் தாண்டவேண்டும். அன்றைய தொலைபேசியில் ஓடியது ஒலியைப் போன்மைசெய்யும் மின்னலை. அது ஒவ்வொரு இணைப்பையும் கடக்கும்போது இரைச்சலைச் சேர்த்துக்கொள்ளும். பெருக்கியால் அலையைப் பெருக்கினால் இரைச்சலும் கூடவே பெருகும். எனவே சில இணைப்புக்களுக்குமேல் தொடராகக் கோக்கவியலாது. இலக்கமுறைச் சைகையோ சுழி, ஒன்று என்னும் இரண்டே நிலைகளைக் கொண்டது. சிறிது சிதைந்தாலும் ஒவ்வொரு கணுவிலும் அதனைப் புதிதாக மீட்டெழுதலாம். ஆகவே குரலையும் இலக்கமாக்கியே அனுப்புதல் வேண்டும். இலக்கமாக்கியதும், எந்த நேரத்தில் எந்த இணைப்பு உயிரோடிருக்கும் என்பது தெரியாத நிலையில் இரு முனைகளுக்குமிடையே நிலையான பாதையொன்றை ஒதுக்கிவைப்பதிற் பயனில்லை. எனவே செய்தியை ஒரே அளவான துண்டங்களாக்கி, ஒவ்வொன்றின் தலையிலும் சேருமிட முகவரியை எழுதி, தனித்தனியே செல்லவிட வேண்டும். பரன் அத்துண்டத்துக்கு விதித்த அளவு 1024 துவித இலக்கங்கள்.

துண்டம் எவ்வழியே செல்வது? இதற்கு அவர் தந்த விடையே அவரது பணியின் உயிர்நாடி என்பது எமது கருத்து. முழு வலையமைப்பின் வரைபடத்தை ஒரு நடுவம் வைத்திருந்து வழிசொல்லுமாயின், அந்நடுவத்தை அழித்தாற் போதும். பரவலாக அமைத்ததன் பயனே போய்விடும். எனவே ஒவ்வொரு கணுவும் தானாகவே வழியறிய வேண்டும். அதற்கு அவர் கையாண்ட உபாயம் எளிமையானது. ஒவ்வொரு துண்டத்திலும் அது தாண்டிவந்த கணுக்களின் தொகை எழுதப்பட்டிருக்கும். ஒவ்வொரு கைம்மாற்றத்திலும் அத்தொகை ஒன்றாற் கூடும். ஒரு கணுவுக்கு வடக்கு இணைப்பால் வந்த துண்டம், தன்னை அனுப்பிய நிலையம் ஐந்து கைம்மாற்றங்களுக்கு அப்பாலுள்ளது எனக் கூறுகிறது. அதே நிலையத்திலிருந்து கிழக்கு இணைப்பால் வந்தது ஒன்பது எனக் கூறுகிறது. எனவே அந்நிலையத்துக்குச் செய்தி அனுப்ப வேண்டியபோது வடக்கே அனுப்புவது உசிதம். வடக்கு இணைப்பு அறுந்திருந்தாலோ நெரிசலாயிருந்தாலோ அடுத்த சிறந்த வழியாகிய கிழக்கே அனுப்பப்படும். துண்டத்தைக் கையில் வைத்துக்கொண்டு காத்திருத்தல் ஆகாது; கிடைத்தவுடன் கைமாற்றிவிட வேண்டும். இதனால் இம்முறைக்கு ‘சுடுகிழங்கு’ முறை எனப் பெயரிட்டார். கையிற் பிடிக்கமுடியாத சூடுள்ள அவித்த கிழங்கைப் பக்கத்திலிருப்பவரிடம் எறிந்துவிடுவது போன்றது. தபாற்காரர் ஒருவர் தமக்கு வரும் கடிதங்களின் முத்திரைத் திகதியைப் பார்த்து, எத்திசையிலிருந்து வரும் கடிதம் விரைவாக வருகின்றது என ஊகித்து, அத்திசையிலேயே மறுமொழியை அனுப்புவதாக ஓர் உவமையையும் அவர் தந்துள்ளார்.

இம்முறை நடைமுறையில் இயங்குமா என்பதைக் கணனிப் போன்மையாற் சோதித்த நிரலை எழுதியவர் ஷார்லா போம் என்னும் பெண்மணி. 1964 இல் வெளிவந்த தொகுதிகளுள் இரண்டாவது அவர் பெயரை முதலாகவும் பரன் பெயரை இரண்டாவதாகவும் தாங்கி வந்தது. எதுவுமறியாத நிலையில் தொடங்கிய கணுக்கள் சிறிது நேரத்திலேயே நல்ல வழிகளைக் கற்றுக்கொண்டன. சில கணுக்கள் அழிக்கப்பட்டபோது ஏனையவை புதுவழிகளைக் கண்டுகொண்டன. பரனைப் பாடும் கட்டுரைகள் பலவற்றில் இப்பெண்மணியின் பெயர் விடுபட்டுப்போவது வருந்தத்தக்கது.

‘பரவற் தொடர்புகள் பற்றி’ என்னும் தலைப்பில் 1964 ஓகஸ்டில் 11 தொகுதிகள் வெளிப்படையாக வெளியிடப்பட்டன. பாதுகாப்பின் நுட்பங்களைப் பேசிய வேறு இரண்டு மாத்திரம் இரகசியமாக வைக்கப்பட்டன. போர்த் தொடர்பு பற்றிய ஆய்வைப் பகைநாட்டாரும் வாசிக்கத்தக்கதாக வெளியிடுவதா என வினவலாம். பரனும் அவரது நிறுவனமும் இதனைத் தெரிந்தே செய்தனர். சோவியத் தரப்பின் கட்டளைத் தொடர்பும் அழியாத்தன்மை பெறுமாயின், அவர்களும் அவசரப்பட்டுச் சுடவேண்டிய நிலை நீங்கும். அதனால் அமெரிக்காவுக்கும் நன்மையே என்பது அவர்தம் நியாயம். அறிவை மறைப்பதால் வரும் பாதுகாப்பினும் அதனைப் பகிர்வதால் வரும் பாதுகாப்புப் பெரிது என்ற இந்நிலைப்பாடு குளிர்போர்க் காலத்தில் எளிதில் எடுக்கத்தக்கதன்று.

திட்டத்துக்கு எதிர்ப்பு வந்த திசை தொலைபேசிக் கம்பனியான ஏ.ரி. அன்ட் ரி. ஆகும். நெடுந்தூரத் தொடர்பு முழுவதும் அக்காலத்தில் அதன் கையிலேயே இருந்தது. கம்பனி தன் வலையமைப்பு எவ்வாறு இயங்குகின்றது என்பதை வெளியாருக்கு விளக்கத் தொடர் விரிவுரைகளை ஒழுங்குசெய்தது. அதனைச் சொல்லிமுடிக்க 94 பேச்சாளர் தேவைப்பட்டனர் என்பதும், முழுமையை அறிந்தவர் எவரும் அங்கிருக்கவில்லை என்பதும் பரனுடைய நினைவுகூரல். ஒப்புமைச் சைகையில் ஊறிய மூத்த பொறியியலாளர்க்கு, பேசிக்கொண்டிருக்கும்போதே பாதையை மாற்றுவது என்பது விளங்கவே இல்லை. விளங்கியவர்களோ தமது கம்பனிக்குப் போட்டியொன்றை ஏன் உருவாக்கிக் கொடுக்கவேண்டும் என எண்ணினர். இவ்விரண்டாவது காரணத்தை வைத்து முதலாவதைப் புறக்கணித்தல் நியாயமன்று. அவர்கள் மூடரல்லர். நிலையான பாதை, அளக்கத்தக்க தரம், பல்லாண்டு உழைக்கும் கருவி என்பவற்றைக்கொண்டு உலகின் மிகச் சிறந்த தொலைபேசிச் சேவையை ஆக்கியவர்கள். அவர்களது வெற்றியே புதியதைக் காணும் கண்ணை மறைத்தது என்பதே பொருத்தம்.

கம்பனி மறுத்தபோதிலும் 1965 இல் றாண்ட் கழகம் திட்டத்தை முறைப்படி விதந்துரைத்தது, வான்படையும் ஏற்றுக்கொண்டது. இங்குதான் இவ்வரலாற்றின் எதிர்பாராத திருப்பம் நிகழ்கின்றது. பாதுகாப்புத் திணைக்களத்தின் ஒழுங்குப்படி, நாடளாவிய தொடர்புகளை அமைக்கும் பொறுப்பு வான்படைக்கன்றி, 1960 இல் நிறுவப்பட்ட பாதுகாப்புத் தொடர்பு முகவரகத்துக்கே உரியது. அம்முகவரகத்தில் இலக்கமுறைத் தொழினுட்பம் அறிந்தோர் இல்லை எனப் பரன் கண்டார். அவர்கள் கையில் இது தோல்வியுறுவது நிச்சயம். தோற்றபின், முன்பே முயன்று தோற்றதொன்று எனக் கூறி எவரும் மீண்டும் தொடமாட்டார்கள். எனவே தமது ஐந்தாறு ஆண்டு உழைப்பின் பயனைத் தாமே நிறுத்திவைக்குமாறு ஆலோசனை கூறினார். 1966 இல் திட்டம் கைவிடப்பட்டது. இம்முடிவு சரியானதா? தகுதியற்ற செயலாண்மையில் நல்ல கருத்துக்கள் அழிந்த உதாரணங்கள் எந்நாட்டிலும் ஏராளம். அவ்வகையில் அவர் அச்சம் நியாயமானது. அதேவேளை, வேறொருவர் அதே கருத்தைத் தொடங்காதிருந்தால் இன்று நாம் அவர் பெயரைக் கேள்விப்பட்டிருக்கவும் மாட்டோம். எவ்வாறாயினும், தாம் பெற்ற அனுமதியைத் தாமே திருப்பிக்கொடுத்த பொறியியலாளர் அரியர்.

அவ்வேறொருவர் இங்கிலாந்தில் இருந்தார். தேசிய பௌதிக ஆய்வுகூடத்தைச் சேர்ந்த டொனால்ட் டேவிஸ், 1965 இறுதியில், பரனைப் பற்றி ஏதுமறியாமல், பலர் ஒரே கணனியைத் தொலைவிலிருந்து பயன்படுத்துவதற்கான வழியை நாடி அதே முடிவுக்கு வந்தார். துண்டத்தின் அளவுகூட ஒத்திருந்தது. 1966 மார்ச்சில் அவர் ஆற்றிய விரிவுரையைக் கேட்ட பாதுகாப்பு அமைச்சு அதிகாரியொருவரே பரனுடைய ஆய்வை அவருக்கு அறிவித்தார். பரன் ‘செய்தித்துண்டம்’ எனப் பொருள்படும் நீண்ட பெயரால் அழைத்ததற்கு, ‘பக்கெற்’ என்னும் பெயரை இட்டவர் டேவிஸ். வேற்று மொழிகளிலும் எளிதில் பெயர்க்கத்தக்க சொல்லைத் தேடி மொழியியலாளரிடம் ஆலோசித்த பின்னரே அதனைத் தெரிந்தார் என்பது மொழி மாணவர்க்குச் சுவையான செய்தியாகும். தமிழில் நாம் ‘பொதி’ என்கிறோம்; பொதிமாட்டையும் சோற்றுப்பொதியையும் அறிந்த மொழிக்கு அச்சொல் அந்நியமாகப் படவில்லை.

1967 ஒக்டோபரில் தெனசி மாநிலத்துக் கற்லின்பேர்க்கில் நடைபெற்ற கருத்தரங்கொன்றில், அமெரிக்கப் பாதுகாப்புத் திணைக்களத்தின் உயராய்வு முகவரகமாகிய ஆர்ப்பாவைச் சேர்ந்த லோறன்ஸ் றொபேட்ஸ், பல்கலைக்கழகக் கணனிகளை இணைக்கும் தமது திட்டத்தை முன்வைத்தார். அதே அரங்கில் டேவிஸின் சகாவான றொஜர் ஸ்கான்ரில்பரி தமது குழுவின் ஆய்வை வாசித்தார். அவ்வாய்வின் மேற்கோள்களிற் பரன் பெயர் இருந்தது. ஒரே நாட்டிலேயே இருந்த பரனின் தொகுதிகள் றொபேட்ஸின் கவனத்துக்கு முழுமையாக வந்தது, அத்திலாந்திக்கைச் சுற்றிவந்த இவ்வழியால் என்பது வரலாற்றின் விசித்திரம். அதன்பின் றொபேட்ஸ் பரனை நேரிற் சந்தித்து ஆலோசனை பெற்றார். 1969 ஒக்டோபர் 29 இல் லொஸ் ஏஞ்சலிஸ் பல்கலைக்கழகத்துக்கும் ஸ்ரான்போட் ஆய்வு நிறுவகத்துக்கும் இடையே ஆர்ப்பாநெற்றின் முதற் செய்தி சென்றது. அவ்வாண்டு முடிவில் கணுக்கள் நான்கு.

ஆகவே தொடக்கத்திற் கூறிய இரு கருத்துக்களுக்கும் இப்போது விடைகூறலாம். ஆர்ப்பாநெற் அணுப்போரை முன்னிட்டு அமைக்கப்பட்டதன்று. விலைமிக்க கணனிகளை ஆய்வாளர் பகிர்ந்துகொள்வதே அதன் நோக்கம். ஆனால் அதிற் பயன்பட்ட பொதிமாற்றக் கருத்தின் இரு மூலங்களுள் ஒன்று அணுப்போர் பற்றிய அச்சத்திலேயே பிறந்தது. அம்மூலத்தை அமைத்தோர் அறிந்துமிருந்தனர். செய்தி வலையமைப்புக்களின் வரிசைக் கணிதத்தை 1960களின் தொடக்கத்தில் ஆராய்ந்த லெனாட் கிளெயின்றொக்குக்கும் இதிற் பங்குண்டு. எவ்வளவு பங்கு என்பது பிற்காலத்திற் சூடான விவாதமாயிற்று. இவ்விவாதத்திற் பரன் கொண்ட நிலை பெருந்தன்மையானது. பெருங்கோயில் ஒன்றைப் பல தலைமுறையினர் கட்டுகின்றனர். ஒவ்வொருவரும் முன்னவர் வைத்த கல்லின்மேல் ஒரு கல்லை வைத்துவிட்டு, கோயிலைக் கட்டியவன் நானே என எண்ணிவிடக்கூடாது என்ற கருத்துப்பட அவர் கூறினார்.

பரனுடைய வழித்தெரிவு முறையை ஆர்ப்பாநெற் அப்படியே ஏற்கவில்லை என்பதையும் சுட்டவேண்டும். கடந்துசெல்லும் பொதிகளைப் பார்த்துக் கற்பதற்குப் பதிலாக, கணுக்கள் தமது தாமத அட்டவணைகளை அயலவரோடு அடிக்கடி பரிமாறிக்கொண்டன. 1980 அளவில் அதுவும் மாறி, ஒவ்வொரு கணுவும் தன் இணைப்புக்களின் நிலையை எல்லோர்க்கும் அறிவிக்கும் முறை வந்தது. அவ்வாண்டு ஒக்டோபர் 27 இல், பழுதுற்ற வன்பொருளாற் சிதைந்த ஒருசில நிலையறிவித்தல்கள் கணுவுக்குக் கணு ஓயாது பரவி, முழு வலையமைப்பையும் பல மணிநேரம் முடக்கின. பரன் கணித்தது இறந்துபோகும் கணுக்களை. பொய்யுரைக்கும் கணு வேறுவகைப் பகை. நடுவம் இல்லாத அமைப்பில் அப்பொய் தடையின்றிப் பரவும். பரவல் அமைப்பைச் சர்வரோக நிவாரணியாகக் கருதுவோர் இந்நிகழ்ச்சியை மறத்தலாகாது. மறுபுறம், வந்த திசையைப் பார்த்துக் கற்கும் பரனின் உபாயம் அழிந்துவிடவில்லை. இன்று எமது பல்கலைக்கழகக் கட்டடங்களிற்கூடக் கணனிகளை இணைக்கும் ஈதநெற் ஆளிகள், எந்த முகவரி எந்த வாயிலால் வந்தது எனக் குறித்துவைத்தே அதற்குரிய மறுமொழியை அவ்வாயிலால் அனுப்புகின்றன.

பரனின் பிற்கால வாழ்வைச் சுருங்கக் கூறலாம், ஒரு விடயம் நீங்கலாக. 1966 யூலையில் அமெரிக்கக் காங்கிரசின் உபகுழுவொன்று, அரசாங்கம் அமைக்கக் கருதிய தேசிய தரவு நிலையத்தால் மக்களின் அந்தரங்கத்துக்கு ஏற்படும் ஆபத்தை விசாரித்தபோது பரன் சாட்சியமளித்தார். மத்திய நிலையம் ஒன்றைத் தடுத்துவிட்டால் ஆபத்து நீங்கிவிடும் என ஏனையோர் எண்ணிக்கொண்டிருக்க, அவர் வேறொன்றைச் சுட்டினார். தொடக்கத்தில் ஊருக்கு ஊர் தனித்தனியே போடப்பட்ட புகையிரதப் பாதைகள் காலப்போக்கில் இணைந்து ஒரே வலையமைப்பானதுபோல, தனித்தனியே உள்ள தரவுக் களஞ்சியங்களும் தொடர்பு வலையமைப்பால் இணைந்து, எவரும் திட்டமிடாமலே ஒரே களஞ்சியமாகிவிடும் என்றார். வலையமைப்பை வடிவமைத்தவரே அதன் தீங்கை முன்னுரைத்தார் என்பதாலும், அம்முன்னுரை எமது காலத்திற் பலித்தமையாலும் இச்சாட்சியம் அவரது தொகுதிகளுக்கு ஈடாக வாசிக்கத்தக்கது என்போம்.

1968 இல் எதிர்கால ஆய்வு நிறுவனமொன்றைச் சகாக்களோடு நிறுவியபின், அவர் பெரும்பாலும் கம்பனிகளை ஆக்குவோராகவே வாழ்ந்தார். ஒரே தொலைபேசிக் கம்பியின் அலைவரிசையைப் பல நூறு சிறு அலைகளாகப் பிரித்துத் தரவு அனுப்பும் ரெலிபிற் மொடம், பொதிக் கருத்தைப் பெரும் நிறுவனங்களின் தொடர்புகளுக்குப் பயன்படுத்திய ஸ்ராட்டாகொம், கம்பியில்லா வலையமைப்பான மெற்றிக்கொம், கேபிள் தொலைக்காட்சிக் கம்பியிற் தரவு அனுப்பிய கொம்21 என்பன அவற்றுட் சில. ஸ்ராட்டாகொம்மை 1996 இல் சிஸ்கோ கம்பனி பெருந்தொகைக்கு வாங்கியது; மெற்றிக்கொம் 2001 இல் முறிந்தது. வாயிற்படியிற் துப்பாக்கியைக் கண்டறியும் கருவியொன்றையும் அவர் ஆக்கினார். 1990 இல் மின், இலத்திரனியற் பொறியியலாளர் நிறுவகத்தின் கிரகம் பெல் பதக்கமும், 1991 இல் மார்க்கோனிப் பரிசும் அவருக்குக் கிடைத்தன. 2011 மார்ச் 26 இல் பாலோ அல்ரோவில் தமது 84 ஆவது வயதிற் காலமானார்.

அவர் இட்ட பெயர்களுள் இன்றும் வழக்கிலிருப்பது ‘சுடுகிழங்கு’. ஆனால் அதன் பொருள் சிறிது மாறிவிட்டது. இணையத்திற் பங்குகொள்ளும் ஒரு கம்பனி, தன் வலையமைப்புக்குள் வந்த பிறருக்குரிய பொதியைச் சுமக்கும் செலவைக் குறைப்பதற்காக, மிக அருகிலுள்ள வாயிலிலேயே அதனை அடுத்த கம்பனியிடம் தள்ளிவிடுவதையே இப்போது பொறியியலாளர் அப்பெயரால் அழைக்கின்றனர்.